பத்தாங்கட்டையில் பக்கத்து நாட்டுச் சொத்து

2011 ஜூன் மாதம் முடியும்வரை சிங்கப்பூரின் புக்கிட் பாஞ்சாங் வட்டாரத்தின் குறுக்கே மலேசியாவுக்குச் சொந்தமான நிலம் ஒன்று இருந்தது. தெற்கே தஞ்சோங் பகாரில் தொடங்கி வடக்கே உட்லண்ட்ஸ் வரை சுமார் 24 கிலோமீட்டர் நீளம். அகலம் என்று பார்த்தால் பல இடங்களில் ஒற்றைத் தண்டவாளமும் இருபுறமும் கொஞ்சம் புல்லும்தான். எங்கள் வட்டாரத்தில் அது சுவா சூ காங் சாலையை வெட்டிக்கொண்டு போனது. மேலே பாலம் இல்லை, கீழே சுரங்கம் இல்லை. ரயில் வந்தால் கேட் மூடும். சிங்கப்பூரின் கார், லாரி, பேருந்து எல்லாம் நிற்கும். மலேசிய ரயில் போன பிறகு கேட் திறக்கும்.

நான் அந்தச் சாலையில் பேருந்து ஓட்டியவன். கேட் மூடினால் மற்ற ஓட்டுநர்களுக்கு எரிச்சல் வரும், எனக்கு வராது. ரயில் பெட்டிகளை வேடிக்கை பார்க்க அரசாங்கமே அனுமதி கொடுத்த மாதிரி இருக்கும். ஒரு நாள் அப்படி நின்றபோது, தமிழ்நாட்டிலிருந்து வேலைக்குப் புதிதாக வந்திருந்த ஒரு தம்பி என் பக்கத்தில் வந்து நின்று கேட்டான்: "அண்ணே, அந்தத் தண்டவாளத்துல போய் நின்னா மலேசியாவுல நிக்கிற மாதிரியா? பாஸ்போர்ட் கேப்பாங்களா?" நான் வாய் திறப்பதற்குள் முன் இருக்கைப் பெரியவர் முந்திக்கொண்டார். "ஆமாப்பா, அது மலேசியா மண்ணு. நம்ம போலீஸ்கூட உள்ள கால் வைக்க முடியாது." "அதெல்லாம் இல்லீங்க ஐயா" என்றேன். கேட் திறந்துவிட்டது, பேச்சு பாதியில் நின்றது. இப்போது ஓய்வுபெற்று வீட்டில் இருக்கிறேன். முழுசாகவே சொல்லிவிடலாம்.

பெரியவர் சொன்னதில் பாதி சரி. நிலம் மலேசியாவின் சொத்து. ஆனால் அந்த நிலம் கிடந்த நாடு சிங்கப்பூர். அங்கே ஒருவன் திருடினால் சிங்கப்பூர்ச் சட்டம்தான் பாயும். சிங்கப்பூர் போலீஸ்தான் பிடிக்கும். உடைமை ஒருவருக்கு, ஆட்சி இன்னொருவருக்கு. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு நாடு, தலைநகரம், கொடி, நாணயம் என்று மனப்பாடம் செய்விக்கிறோம். இந்த ஒரு வித்தியாசத்தை மட்டும் சொல்லித் தருவதில்லை. உலக நாடுகளின் எல்லைச் சண்டைகளில் பாதி இதிலிருந்து கிளம்பியவை என்பது என் எண்ணம்.

முதலில் இந்த நிலம் எப்படி வந்தது என்று பார்ப்போம். சிங்கப்பூரின் முதல் ரயில் 1903ல் ஓடியது. புறப்படும் இடம் டேங்க் ரோடு. செட்டியார்கள் கட்டிய தெண்டாயுதபாணி கோயில் இருக்கும் அதே சாலை. ஜனவரியில் புக்கிட் தீமா வரை வந்த ரயில், ஏப்ரலில் புக்கிட் பாஞ்சாங் வழியாக உட்லண்ட்ஸை எட்டியது. அப்போது இங்கே வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடுகளும் இல்லை, எம்ஆர்டியும் இல்லை. ரப்பர் தோட்டம், கருங்கல் குவாரி, கிராமம், காடு. அப்பர் புக்கிட் தீமா சாலையின் பத்தாவது மைல் என்பதால் 'பத்தாங்கட்டை' என்றால் வயதானவர்களுக்கு இன்றும் விளங்கும்.

உட்லண்ட்ஸில் இறங்கிப் படகில் நீரிணையைக் கடந்து ஜோகூர் பாருவில் வேறு ரயில் ஏறவேண்டும். மலாயாவின் தகரமும் ரப்பரும் சிங்கப்பூர்த் துறைமுகத்துக்கு வர இது பெரிய தொல்லை. ஆகவே ஆங்கிலேயர் 1918ல் ஒரு சட்டம் போட்டு, சிங்கப்பூரின் ரயில் பாதையையும் அதன் நிலத்தையும் தீபகற்பத்தின் கூட்டு மலாய் மாநிலங்களின் ரயில்வேயிடம் ஒப்படைத்தார்கள். நிலத்தின் பெரும்பகுதிக்குக் குத்தகை 999 ஆண்டு. வீவக வீட்டின் 99 ஆண்டுக் குத்தகையில் எத்தனை ஆண்டு மிச்சம் என்று விரல்விட்டு எண்ணும் எங்களுக்கு இந்தக் கணக்கு தலைசுற்றும். 2917 வரை! எழுதிக் கொடுத்தவர்களுக்கு அது பெரிதாகப் படவில்லை. இரண்டு பக்கமும் ஒரே பிரிட்டிஷ் கொடிதானே பறந்தது? ஒரு சட்டைப் பையிலிருந்து எடுத்து இன்னொரு பையில் போட்டுக்கொண்டார்கள்.

நீரிணையின் குறுக்கே கடற்பாலம் கட்டும் வேலை 1919ல் தொடங்கியது. அதற்கான கருங்கல் புலாவ் உபினிலிருந்தும் எங்கள் பக்கத்துப் புக்கிட் தீமா குவாரியிலிருந்தும் போனது. 1923ல் அதன்மேல் ரயில் ஓடத் தொடங்கியது. 1924 ஜூன் 28 அன்று முறைப்படி திறந்தார்கள். 1932ல் பாதையின் தென்பகுதியை மேற்கே திருப்பிவிட்டு, தஞ்சோங் பகாரில் பெரிய நிலையம் கட்டினார்கள். முகப்பில் விவசாயம், வணிகம், போக்குவரத்து, தொழில் என்று நான்கு பளிங்குச் சிலைகள்.

இந்த ரயிலில் தமிழர் பங்கு சிறியதல்ல. மலாயா ரயில்வேயில் ஸ்டேஷன் மாஸ்டர், கிளார்க் வேலைகளுக்கு யாழ்ப்பாணத்திலிருந்து படித்தவர்கள் வந்தார்கள். தண்டவாளம் போடவும் பராமரிக்கவும் தமிழ்நாட்டிலிருந்து கூலிகள் வந்தார்கள். காமன்வெல்த் டிரைவில் இருக்கும் முனீஸ்வரன் கோயிலுக்குப் போனவர்கள் எத்தனை பேருக்கு அதன் பூர்வீகம் தெரியுமோ, தெரியாது. 1932ல் ரயில்வேத் தொழிலாளிகள் குவீன்ஸ்வே அருகே தண்டவாளத்தை ஒட்டி வைத்துக் கும்பிட்ட சாமி அது. ஊரில் எல்லையில் நிற்கும் சாமியை இங்கே தண்டவாளத்தில் நிறுத்தினார்கள்.

1965 ஆகஸ்ட் 9. சிங்கப்பூர் மலேசியாவிலிருந்து பிரிந்தது. ஒரு தண்டவாளக் கட்டைகூட நகரவில்லை. ஆனால் முதல்நாள் வரை சொந்த நாட்டு ரயில்வே நிலமாக இருந்தது, மறுநாள் வெளிநாட்டுச் சொத்தாகிவிட்டது. குத்தகைப் பத்திரம் மட்டும் அப்படியே செல்லுபடியானது. சொத்து என்பதால் நிலத்தில் ரயில் ஓட்டலாம், நிலையம் நடத்தலாம். அதற்கு மேல் ஆட்சி அதிகாரம் எதுவும் அந்தப் பத்திரத்தில் இல்லை.

இருந்தாலும் பெரியவர் மாதிரி ஆட்களைக் குழப்புவதற்கு ஒரு விஷயம் இருந்தது. தொடக்கத்தில் இரு நாட்டுக் குடிநுழைவு அதிகாரிகளும் தஞ்சோங் பகார் நிலையத்திலேயே உட்கார்ந்திருந்தார்கள். 1998 ஆகஸ்ட் 1 முதல் சிங்கப்பூர் தன் சோதனைச் சாவடியை உட்லண்ட்ஸுக்கு மாற்றிக்கொண்டது. மலேசிய அதிகாரிகள் நகரமாட்டோம் என்று தஞ்சோங் பகாரிலேயே இருந்துவிட்டார்கள். விளைவு என்ன தெரியுமா? கோலாலம்பூருக்குப் போகிறவர் சிங்கப்பூர் நகரத்தின் நடுவில் மலேசியாவுக்குள் 'நுழைந்து', அதன் பிறகு முக்கால் மணி நேரம் போல சிங்கப்பூருக்குள்ளேயே பயணம் செய்து, புக்கிட் பாஞ்சாங்கில் என் பேருந்தை நிறுத்தி வைத்துவிட்டு, உட்லண்ட்ஸில்தான் சிங்கப்பூரை விட்டு 'வெளியேறுவார்'. ஒரு நாட்டை விட்டுக் கிளம்பும் முன்பே அடுத்த நாட்டில் சேர்ந்துவிடும் விந்தை! இரு அரசாங்கங்களும் இதைப் பற்றிக் கடுமையான வார்த்தைகளில் பேசிக்கொண்ட காலமும் உண்டு.

இது உலகத்தில் நமக்கு மட்டும் நேர்ந்ததா என்று தேடத் தொடங்கினேன். புக்கிட் பாஞ்சாங் பிளாசா நூலகத்தில் கனமான அட்லஸ்கள் உண்டு. வீட்டுக்குத் தூக்கி வர முடியாத கனம். அங்கேயே உட்கார்ந்து புரட்டுவேன்.

ஐரோப்பாவில் அச்சாக நம்முடையதைப் போலவே தோன்றும் ஒன்று கிடைத்தது. ஜெர்மனியின் ஆகன் நகரத்திலிருந்து லக்சம்பர்க்கின் வடக்கு முனை வரை 'ஃபென்பான்' என்று ஒரு ரயில் பாதை. முதல் உலகப் போரில் ஜெர்மனி தோற்ற பிறகு, 1919 வெர்சாய் ஒப்பந்தத்தின்படி எல்லையோரப் பகுதிகள் சில பெல்ஜியத்துக்குப் போயின. அந்தப் பகுதிகளை இணைக்கும் ரயில் பாதை நடுவில் ஜெர்மனிக்குள் போய்வந்தது. பாதையையும் பெல்ஜியத்துக்கே கொடுத்துவிட்டார்கள். இங்கேதான் வித்தியாசம்: அவர்களுக்குக் கிடைத்தது சொத்துரிமை மட்டுமல்ல, ஆட்சியுரிமையே கைமாறியது. தண்டவாளம் கிடந்த கோடு பெல்ஜிய நாடு. அதன் மேற்குப் பக்கம் மாட்டிக்கொண்ட ஜெர்மன் கிராமத் துண்டுகள் பெல்ஜியத்தால் சூழப்பட்ட தீவுகளாகிவிட்டன. இன்றும் அப்படி ஐந்து துண்டுகள் உண்டு. அதில் ஒன்று ஒரே ஒரு வீடும் தோட்டமும்! ரயில் நின்றுபோய், தண்டவாளத்தையும் பெயர்த்தெடுத்துவிட்டார்கள். இப்போது அது நீண்ட சைக்கிள் பாதை. ஆனால் ரயிலே இல்லாவிட்டாலும் கோடு பெல்ஜியத்துக்குத்தான். அங்கே அந்தத் தம்பி போய் நின்றிருந்தால் பெரியவர் சொன்ன பதில் சரியாக இருந்திருக்கும்.

நம் பாதைக்கு உண்மையான சோடி சுவிட்சர்லாந்தின் பாசல் நகரத்தில் இருக்கிறது. அங்குள்ள 'பாடிஷ்' ரயில் நிலையம் சுவிஸ் மண்ணில் நிற்கிறது. நடத்துவது ஜெர்மன் ரயில்வே. 1852ல் பாடன் அரசும் சுவிட்சர்லாந்தும் செய்துகொண்ட ஒப்பந்தம் அதற்கு ஆதாரம். நிலையத்துக்குள்ளேயே இரு நாட்டுச் சுங்கச் சாவடிக்கும் இடம் உண்டு. நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேலாகியும் பெரிய வம்பு எழவில்லை. காரணம், எது யாருக்கு என்று தொடக்கத்திலேயே எழுதி வைத்துவிட்டார்கள்.

எழுதி வைக்காமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்கு வங்காளத்தைப் பார்க்கலாம். கூச் பிகார் பகுதியில் 2015 வரை பங்களாதேஷுக்குள் 111 இந்தியத் துண்டு நிலங்கள், இந்தியாவுக்குள் 51 பங்களாதேஷ் துண்டு நிலங்கள். தஹலா காக்ராபாரி என்று ஓர் இடம்: பங்களாதேஷுக்குள் இந்தியா, அதற்குள் பங்களாதேஷ், அதற்குள் மறுபடியும் இந்தியா. அது ஒரு வயல். விவசாயிகளின் வயல் வரப்பு நாட்டு எல்லையாக இருந்தது. அந்தத் துண்டுகளில் வாழ்ந்த ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு எந்த அரசும் சரியாகச் சாலையோ பள்ளியோ மின்சாரமோ கொடுக்கவில்லை; தங்கள் நாட்டுக்குப் போகவே அடுத்த நாட்டைத் தாண்டவேண்டும். 1974ல் இந்திரா காந்தியும் முஜிபுர் ரகுமானும் தீர்த்துக்கொள்வதாகக் கையெழுத்துப் போட்டார்கள். நடந்தது 2015 ஜூலை 31 நள்ளிரவில். நாற்பத்தோரு ஆண்டு! மாற்றிக்கொள்ளாமல் விட்ட ஒரு பெரிய துண்டுக்கு, தீன் பிகா என்ற சிறு நடைபாதையை 1992ல் இந்தியா பங்களாதேஷுக்குக் குத்தகைக்கு விட்டது. நடப்பது பங்களாதேஷ்காரர்கள், ஆட்சி இந்தியாவுடையது. சுவா சூ காங் சாலையின் தண்டவாளத்துக்கு அது தூரத்துச் சொந்தம்.

தமிழ் வாசகர்கள் இந்நேரம் கச்சத்தீவை நினைத்திருப்பார்கள். நினைக்கத்தான் வேண்டும். 285 ஏக்கர் கொண்ட அந்தத் தீவு ராமநாதபுரம் ஜமீனுக்குச் சொந்தமாக இருந்தது என்பது இந்தியத் தரப்பில் காலங்காலமாகச் சொல்லப்பட்ட வாதம். ஜமீன் என்பது உடைமை. அந்த உடைமை ஆட்சியுரிமையாகுமா என்பதுதான் கேள்வி. நீதிமன்றம் போகாமல் 1974ல் இந்திய, இலங்கை அரசாங்கங்கள் உட்கார்ந்து பேசிக் கோடு போட்டன. தீவு இலங்கைப் பக்கம் விழுந்தது. அந்தோணியார் கோயில் திருவிழாவுக்கு இந்திய யாத்திரிகர்கள் விசா இல்லாமல் போய்வரலாம் என்பது ஒப்பந்தத்தில் தங்கியது. மீனவர் உரிமை பற்றிய வழக்கும் வருத்தமும் இன்றுவரை தீரவில்லை.

அந்தக் கேள்விக்கு நீதிமன்றம் பதில் சொன்ன வழக்கு எங்கள் வாசலிலேயே நடந்தது: பெட்ரா பிராங்கா. சிங்கப்பூர் நீரிணையின் கிழக்கு வாயிலில், ஒரு கால்பந்துத் திடலைவிடப் பெரிதாகச் சொல்ல முடியாத பாறை. அதன்மேல் ஆங்கிலேயர் 1851ல் கட்டி முடித்த ஹோர்ஸ்பர்க் கலங்கரை விளக்கம். 1979ல் மலேசியா வெளியிட்ட வரைபடத்தில் பாறை மலேசியாவுக்குள் இருந்தது, சிங்கப்பூர் மறுத்தது. வழக்கு ஹேகிலுள்ள அனைத்துலக நீதிமன்றத்துக்குப் போனது.

அங்கே எல்லோரும் திரும்பத் திரும்பப் பேசியது ஒரு பழைய கடிதத்தைப் பற்றி. 1953ல் சிங்கப்பூர்க் காலனி அரசு, இந்தப் பாறையின் நிலை என்ன என்று ஜோகூரைக் கேட்டு எழுதியது. ஜோகூரின் தற்காலிக மாநிலச் செயலாளர் செப்டம்பர் 21 அன்று அனுப்பிய பதில் ரத்தினச் சுருக்கம்: ஜோகூர் அரசு அந்தப் பாறையின் உடைமையைக் கோரவில்லை. மலேசிய வழக்கறிஞர்கள் இதைத்தான் பிடித்துக்கொண்டார்கள். அவர் உடைமையைப் பற்றித்தானே சொன்னார், ஆட்சியுரிமையைப் பற்றிச் சொல்லவில்லையே என்பது அவர்கள் வாதம். நல்ல வாதம்தான். நான் சுவா சூ காங் சாலையில் பெரியவரிடம் சொல்ல நினைத்ததும் அதே வாதம்தான். நீதிமன்றமும் பொதுவாக அவை இரண்டும் வேறு என்பதை ஒப்புக்கொண்டது. ஆனால் அந்தக் கடிதப் போக்குவரத்தில் கேட்கப்பட்டதே பாறை எந்த நாட்டைச் சேர்ந்தது என்பதுதான். ஆகவே அங்கே உடைமை என்றது ஆட்சியுரிமையைத்தான் என்று முடிவு செய்தது. ஜோகூருக்கு முதலில் இருந்த உரிமை, பின்னால் வந்த ஆண்டுகளில் இரு தரப்பும் நடந்துகொண்ட விதத்தால் சிங்கப்பூருக்கு மாறிவிட்டது என்று 2008 மே 23 அன்று 12க்கு 4 என்ற கணக்கில் தீர்ப்பு. பக்கத்திலிருக்கும் நடுப் பாறைகள் மலேசியாவுக்குப் போயின. ஒரு அதிகாரி எழுதிய ஒரு வரி, ஐம்பத்தைந்து ஆண்டு கழித்து ஒரு பாறையை இழக்கவைத்தது. அரசாங்க வேலையில் கடிதம் எழுதுகிறவர்கள் இதைப் படித்தால் பேனாவைக் கீழே வைத்துவிடுவார்கள்.

நம் ரயில் பாதை நீதிமன்றம் போகாமல் பேச்சிலேயே தீர்ந்தது, ஆனால் சுலபமாக அல்ல. 1990 நவம்பர் 27 அன்று லீ குவான் யூவும் மலேசிய நிதியமைச்சர் டைம் ஜைனுதீனும் உடன்பாட்டில் கையெழுத்திட்டார்கள். நிலையம் தஞ்சோங் பகாரிலிருந்து விலகும். விட்டுக்கொடுக்கும் நிலத்தில் மூன்று இடங்களை மலேசியா 60, சிங்கப்பூர் 40 என்ற பங்கில் சேர்ந்து மேம்படுத்துவார்கள். கையெழுத்து காய்வதற்குள் விளக்கத்தில் சண்டை வந்துவிட்டது. இருபது ஆண்டு இழுத்தது. 2010 மே மாதம் பிரதமர்கள் லீ சியன் லூங்கும் நஜிப் ரசாக்கும் முடிச்சை அவிழ்த்தார்கள். ரயில் நிலத்துக்குப் பதிலாக மரினா சவுத்திலும் ஓஃபிர் - ரோச்சோரிலும் நிலம். அதே 60க்கு 40 கூட்டு நிறுவனம். இன்று மரினா ஒன், டுவோ என்று நிற்கும் கண்ணாடிக் கோபுரங்கள் அந்தக் கணக்கில் முளைத்தவை. பழைய நிலத்துக்கு மேம்பாட்டுக் கட்டணம் கட்டவேண்டுமா என்ற மிச்சத் தகராறை மட்டும் நடுவர் மன்றத்துக்கு அனுப்பினார்கள். 2014ல் கட்டவேண்டியதில்லை என்று தீர்ப்பு வந்தது, சிங்கப்பூர் ஏற்றுக்கொண்டது. எல்லைத் தகராறு வீடு விற்பனை மாதிரி முடிந்ததில் எனக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். ஆனால் யோசித்துப் பார்த்தால், தகராறே சொத்தைப் பற்றியது என்பதால்தான் சொத்தைக் கொடுத்து முடிக்க முடிந்தது. ஆட்சியுரிமையாக இருந்திருந்தால் எந்தப் பிரதமரும் கோபுரத்துக்கு மாற்றிக்கொள்ளத் துணிந்திருக்கமாட்டார்.

2011 ஜூன் 30 இரவு தஞ்சோங் பகாரிலிருந்து கடைசி ரயிலை ஓட்டிக்கொண்டு போனவர் ஜோகூர் சுல்தான் இப்ராஹிம் இஸ்மாயில். கடற்பாலம் கட்டப்பட்ட காலத்தில் ஜோகூரை ஆண்ட சுல்தான் இப்ராஹிம் அவருடைய கொள்ளுத்தாத்தா. எங்கள் கேட்டருகே குடும்பம் குடும்பமாகக் கூட்டம். நானும் என் மனைவியும் போயிருந்தோம். "இத்தனை வருஷம் இந்த ரயில் லேட்டாக்குதுன்னு திட்டினவங்கதானே இவங்க எல்லாம்?" என்றாள் அவள். கைப்பேசிகள் மேலே எழுந்தன, ஹாரன் அடித்தது, போய்விட்டது.

அடுத்த மாதங்களில் தண்டவாளத்தைப் பெயர்த்து மலேசியாவிடம் ஒப்படைத்தார்கள். நிலம் இங்கே, இரும்பு அங்கே. அதே ஆண்டு ஆகஸ்ட் 31ல் ஜோகூரிலிருந்து தண்ணீர் எடுக்கும் 1961 ஒப்பந்தமும் காலாவதியாகி, குனோங் பூலாய், ஸ்கூடாய் நீர் நிலையங்களைச் சிங்கப்பூர் ஜோகூரிடம் திருப்பிக் கொடுத்தது. இது அதிகம் பேசப்படாத செய்தி. நம் ஊருக்குள் மலேசியச் சொத்து இருந்ததைப் பேசியவர்கள், மலேசியாவுக்குள் நம் சொத்து இருந்ததைப் பேசவில்லை. 1962ல் போட்ட இன்னொரு தண்ணீர் ஒப்பந்தம் 2061 வரை ஓடும்.

இப்போது அந்தப் பாதையில் மக்கள் நடக்கிறார்கள், சைக்கிள் விடுகிறார்கள். அப்பர் புக்கிட் தீமா சாலைக்கு மேலே 1932ல் போட்ட இரும்புப் பாலத்தை எடுக்காமல் விட்டிருக்கிறார்கள். ரயிலும் முற்றாகப் போய்விடவில்லை. உட்லண்ட்ஸிலிருந்து ஜோகூர் பாருவுக்கு ஐந்து நிமிடத்தில் போகும் சிறு ரயில் 2015 முதல் ஓடுகிறது. அடுத்து உட்லண்ட்ஸ் நார்த்திலிருந்து புக்கிட் சாகாருக்கு ஆர்டிஎஸ் என்ற விரைவு ரயில் வருகிறது. புறப்படும் இடத்திலேயே இரு நாட்டுச் சோதனையும் முடிந்துவிடும் ஏற்பாடு. அப்படியென்றால் சிங்கப்பூர் மண்ணில் மலேசிய அதிகாரிகள் உட்காருவார்கள், ஜோகூர் மண்ணில் சிங்கப்பூர் அதிகாரிகள் உட்காருவார்கள். இந்த முறை யார் நகரவேண்டும், யார் இருக்கவேண்டும் என்பதை முன்கூட்டியே எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள்.